இரண்டு ஃப்ரேம்

அன்புள்ள ஐயா,

சினிமா கம்பெனி ஒன்றில் மூன்று வருடமாகப் புரொடக்‌ஷனில் இருக்கிறேன். விடிகாலையில் வேன் அனுப்புவது, சாப்பாட்டுக்குத் தலை எண்ணுவது, ராத்திரி ஹார்ட் டிஸ்கை எடிட்டிங் ஆபீசில் கொடுப்பது என்று எல்லாமே எடுபிடி வேலை. நாலு மாத பேட்டா பாக்கி. டேவிட் லீன் டீ கொடுக்கும் பையனாகச் சேர்ந்துதான் பெரிய இயக்குநரானார் என்று படித்தபோது தெம்பாக இருந்தது. மேனேஜர் பொறுமையாக இருக்கச் சொல்கிறார். நண்பர்கள், வேலையை விட்டுவிட்டுக் குறும்படம் எடு என்கிறார்கள். நான் என்ன செய்யட்டும்?

ம.

அன்புள்ள ம.,

உங்கள் கடிதம் வந்த வாரம் நானும் லீனைத்தான் நினைத்துக்கொண்டிருந்தேன். 1984இல் வந்த ‘எ பாசேஜ் டு இந்தியா’வை மறுபடி பார்த்தேன். அப்போது அவருக்கு 76 வயது. இயக்கியதோடு நில்லாமல் எடிட்டிங்கையும் அவரே செய்தார்.

பேட்டாவைக் கேட்டு வாங்குங்கள். உழைத்த காசைக் கேட்க என்ன கூச்சம்? குறும்படத்தை ஞாயிற்றுக்கிழமைகளில் எடுங்கள். அதற்காக வேலையை விட வேண்டாம். இதற்கு மேல் இவற்றில் பேச ஒன்றுமில்லை.

‘எடுபிடி’ என்று எழுதினீர்களே, அதுதான் எனக்குக் கோபம். டீ பையன் இயக்குநரான கதையை எல்லோரும் சொல்கிறார்கள். நடுவில் இருக்கும் 15 வருடத்தை யாரும் சொல்வதில்லை, நீங்களும் தேடிப் படிக்கவில்லை. அப்பாவின் கணக்கர் அலுவலகத்தை விட்டு 1927இல் லண்டன் காமான்ட் ஸ்டுடியோவுக்குப் போனபோது லீனுக்கு 19 வயது. டீ கொடுத்தார், கிளாப் அடித்தார், சொன்ன இடத்துக்கு ஓடினார். ஆனால் அவரை ஆளாக்கியது எடிட்டிங் அறை. செய்திப்படங்களை வெட்டி ஒட்டினார், பிறகு பெரிய படங்கள். ‘பிக்மேலியன்’ 1938இல் அவர் எடிட் செய்ததுதான். குறைந்த செலவில் அவசர அவசரமாக எடுக்கிற படங்களை இயக்கக் கூப்பிட்டார்கள். மாட்டேன் என்றார். நோயல் கவர்டுடன் சேர்ந்து முதல் படத்தை இயக்கியது 1942இல்.

‘லாரன்ஸ் ஆஃப் அரேபியா’வில் பீட்டர் ஓ’டூல் தீக்குச்சியை ஊதி அணைத்ததும் பாலைவனத்தில் விடிகிற இடம் நினைவிருக்கிறதா? ஒரு காட்சி கரைந்து அடுத்தது வருவதாகத்தான் திட்டம். எடிட்டிங் அறையில் இரண்டு ஷாட்டும் வெறுமனே ஒட்டியபடி ஓடியது. பார்த்தவர்களுக்கு அதுவே பிடித்துவிட்டது. இன்னும் கொஞ்சம் சரிசெய்யச் சொன்னார் லீன். எடிட்டர் ஆன் கோட்ஸ் வெட்டி எடுத்தது இரண்டே ஃப்ரேம், ஃபிலிமில் அடுத்தடுத்து இருக்கும் குட்டிப் படங்களில் இரண்டு. ஒரு வினாடியில் பன்னிரண்டில் ஒரு பங்கு! அந்த அம்மாவும் மதப் பிரசாரப் படங்களின் கிழிந்த பிரிண்டுகளை ஒட்டிக்கொடுக்கும் வேலையில் தொடங்கியவர்தான். கிழிசல் ஒட்டுவது எடுபிடி வேலையா? சொல்லுங்கள்.

நானும் உங்கள் வயதில் ஒரு படத்தில் எட்டு மாதம் உதவி இயக்குநராக இருந்தேன். படம் வெளிவரவில்லை. ஒருநாள் வடபழனியில் எடிட்டிங் அறைக்கு ஒரு சீட்டைக் கொடுத்துவிட்டு வரச் சொன்னார்கள். அங்கே உதவியாளர் ஒருவர், ஃபிலிமை ஓட்டிப் பார்த்து வெட்டுகிற மூவியோலா மெஷின் முன்னால் உட்கார்ந்திருந்தார். கதாநாயகி வாசலில் திரும்பிப் பார்க்கும் ஷாட். மஞ்சள் பென்சிலால் ஃபிலிமில் ஒரு கோடு போட்டார், வெட்டினார், டேப் ஒட்டி ஓட்டினார். உதட்டைச் சுழித்தார். டேப்பைப் பிரித்து, நகத்தளவு துண்டு ஒன்றை எடுத்துவிட்டு மறுபடி ஒட்டினார். இப்போது அந்தப் பெண் யாருக்கோ காத்திருப்பது தெரிந்தது. அதற்கு முன்னால் அவள் சும்மா திரும்பினாள், அவ்வளவுதான். என்ன எடுத்தீர்கள் என்றேன். “ரெண்டு ஃப்ரேம்” என்றார், தலையைத் தூக்காமல்.

அந்த ஷாட் எடுத்தபோது நான் கேமராவுக்குப் பக்கத்தில்தான் நின்றேன். எனக்கு ஒன்றும் தெரியவில்லை. அந்தத் துண்டைக் கேட்டு வாங்கிச் சட்டைப்பையில் போட்டுக்கொண்டேன். அப்புறம் மறுநாள் செட்டுக்குப் போய், மற்ற உதவியாளர்களோடு உட்கார்ந்து, நம்மை யாரும் மதிப்பதில்லை என்று பேசிக்கொண்டிருந்தேன். மிச்ச மாதங்களும் அப்படியே போயின. அந்த அறைக்கு நான் திரும்பப் போகவே இல்லை. இத்தனை வருடம் கழித்தும் அதை நினைத்தால் வலிக்கிறது, தம்பி.

உங்களைத் தினமும் ராத்திரி அந்த அறைக்கே அனுப்புகிறார்கள். ஹார்ட் டிஸ்கைக் கொடுத்ததும் வண்டியைக் கிளப்பாதீர்கள். கால்மணி நேரம் ஓரமாக உட்காரலாமா என்று கேளுங்கள். முடியாது என்றால் மறுநாளும் கேளுங்கள்.