தோத்தவங்க எல்லாம் மந்திரியா?

கேள்வி: அயர்லாந்துல பிப்பா ஹேக்கெட்னு ஒரு பசுமைக் கட்சி அம்மா, பொதுத்தேர்தல்ல தோத்துட்டு செனட் வழியா மந்திரி ஆகிட்டாங்க. நம்ம ராஜ்யசபா பின்வாசல் கதைதானே இதுவும்? 'விவசாயி வீட்டுப் பொண்ணு'ன்னு பில்டப் வேற. விவசாயிகளுக்கு அப்படி என்னத்த கிழிச்சாங்க? (வாசகர், தஞ்சாவூர்)

பதில்: திட்டுறதுன்னு ஆகிப்போச்சு, முழுசா திட்டுங்க சார், பாதியில நிறுத்திட்டீங்களே. 2019 நவம்பர்ல அவங்க முதல் தடவை செனட்டுக்குப் போனப்போ ஒரு ஓட்டுகூட விழல, ஏன்னா எதிர்ல நிக்க ஆளே இல்ல, அதே கட்சியோட கிரேஸ் ஓ'சலிவன் ஐரோப்பிய பாராளுமன்றத்துக்குப் போனதால காலியான சீட், போட்டியின்றி தேர்வு. 2020 பிப்ரவரியில லீஷ்-ஆஃபலி தொகுதியில நின்னு தோத்தாங்க, அடுத்து செனட்ல விவசாயப் பிரிவுல நின்னு ஜெயிச்சாங்க, ஜூன் மாசம் இணை அமைச்சர், கேபினெட் கூட்டத்துல உக்கார்ற அந்தஸ்தோட. செனட்டரா இருந்துக்கிட்டே அந்த நாற்காலிக்கு வந்தது அங்க இவங்கதான் முதல்.

ஆனா ராஜ்யசபாவோட அப்படியே முடிச்சு போடாதீங்க. அங்க 60 பேர்ல பிரதமர் நியமிக்கிறது 11 பேரை (நம்ம 12 நியமன எம்பி ஐடியாவே அயர்லாந்து அரசியல் சட்டத்தைப் பாத்து எடுத்ததுதான்), இவங்க அந்த லிஸ்ட்ல வரல. 43 பேர் விவசாயம், தொழிலாளர், கல்வின்னு துறை வாரியா இருக்கிற 5 பிரிவுல வர்றாங்க, ஓட்டுப் போடுறது எம்பிக்கள், செனட்டர்கள், அப்புறம் நாடு முழுக்க இருக்கிற 949 கவுன்சிலர்கள். கவுன்சிலர் ஓட்டு வேணும்னா ஊர் ஊரா போய் அவங்க வீட்டு வாசல்ல நிக்கணும், அதையும் பின்வாசல்னு சொன்னா எப்படி? இந்த சபையே வேண்டாம் இழுத்து மூடிடலாமான்னு 2013ல ஜனங்ககிட்டயே கேட்டாங்க, 51.7% பேர் இருக்கட்டும்னு சொல்லிட்டாங்க.

பில்டப் மேட்டருக்கு வருவோம். மாயோ கவுண்டியில பாலிண்டைன்னு ஒரு ஊர், அங்க பண்ணை வீட்டுல வளந்தவங்க, லிமெரிக் பல்கலைக்கழகத்துல டாக்டரேட், இப்ப ஆஃபலியில கீஷில் பக்கம் கணவரோட சேர்ந்து ஆர்கானிக் பண்ணை, மாடு, ஆடு. இது பில்டப் இல்ல. ஆனா விவசாயி வீட்டுப் பொண்ணுன்னா விவசாயி ஓட்டு தானா வந்து விழும்னு நினைக்கிறீங்க பாருங்க, அங்கதான் இடிக்குது. ஆஃபலிங்கிறது பீட் (சதுப்பு நிலத்துல வெட்டி, காய வச்சு எரிக்கிற கரிமண்) வெட்டிப் பொழைச்ச மாவட்டம், பீட்டுல ஓடின வெஸ்ட் ஆஃபலி மின்நிலையம் 2020 டிசம்பர்ல மூடிடுச்சு, பரம்பரையா பீட் எரிச்சு குளிர் காஞ்ச ஊர்ல பசுமைக் கட்சி நோட்டீஸோட போய் கதவைத் தட்டினா யாரு காபி கொடுப்பா? அந்த மண்ணுல நின்னதே தைரியம்னுதான் நான் சொல்லுவேன்.

என்ன கிழிச்சாங்கன்னு கேட்டீங்களே. அவங்க வந்தப்போ அயர்லாந்து விவசாய நிலத்துல ஆர்கானிக் 2%கூட இல்ல, போறப்போ 5% பக்கம். புல்லை மட்டும் மேய்ஞ்சு வளர்ற மாடும் ஆடும் வச்சிருக்கிறவங்க மாறுறது சுலபம், பால் பண்ணைக்காரங்க அவ்வளவா அசையல, அதனால இதை ரொம்பவும் கொண்டாட மாட்டேன்.

எனக்குப் பிடிச்சது மரம் நடுற விஷயம். அங்க காடு மொத்த நிலத்துல 11.6%தான், ஆனா நாலு மரம் வைக்க லைசென்ஸ், அதுக்கு ஒருத்தர் அப்பீல், ஃபைல் மாசக்கணக்கா தூங்கும், விவசாயி வெறுத்துப் போயிடுவான். இவங்க காலத்துல வந்த திட்டத்துல 1 ஹெக்டேர் வரைக்கும் நாட்டு மரம் லைசென்ஸே இல்லாம நடலாம், ஆத்தங்கரையில இன்னொரு ஹெக்டேர், 10 வருஷத்துக்கு வருஷா வருஷம் பணம். கோரை மண்டி மாடுகூட வாய் வைக்காத ஈர மூலை ஒண்ணு எல்லாப் பண்ணையிலயும் கிடக்கும்ல, அதுக்கு ஒரு வருமானம். ஆபீஸ்ல உக்காந்து மட்டும் யோசிக்கிறவனுக்கு இது தோணாது.

சறுக்கின இடமும் உண்டு. ஆஷ் மரத்துல ஒரு பூஞ்சை நோய் பரவி தோப்பு தோப்பா பட்டுப்போச்சு, அவங்க ஊர் பாரம்பரிய விளையாட்டு ஹர்லிங், அதுக்கான மட்டையே அந்த மரத்துலதான் செய்வாங்க. 'அரசாங்கம் நடச் சொன்னதாலதான நட்டோம், இப்ப எங்க நஷ்டத்துக்கு யார் பொறுப்பு'ன்னு விவசாயிங்க தொண்டை கிழியக் கேட்டாங்க, ஹெக்டேருக்கு கூடுதலா 5,000 யூரோன்னு அறிவிப்பு வந்தது 2024ல. லேட்டு சார், ரொம்ப லேட்டு. திட்டணும்னா இதுக்குத் திட்டுங்க, கூடவே நானும் திட்டுறேன்.

மத்தபடி 'தோத்தவங்க'ன்னு ஒரு கணக்கு வச்சிருக்கீங்கல்ல, அதுல 2024ஐயும் எழுதிக்கங்க. ஈமன் ரையன் விலகினதும் கட்சித் தலைவர் பதவிக்கு நின்னாங்க, ரோடரிக் ஓ'கார்மனுக்கு 984 ஓட்டு, இவங்களுக்கு 912. நவம்பர் பொதுத்தேர்தல்ல திரும்பவும் ஆஃபலியில நின்னாங்க, திரும்பவும் தோல்வி, நாடு முழுக்க அந்தக் கட்சியில கரை சேர்ந்தது அந்த ஓ'கார்மன் ஒருத்தர்தான்.