ஆச்சியின் கணக்கு நோட்டு

கடிதம்:

அன்புள்ள அக்காவுக்கு,

அம்பாசமுத்திரத்திலிருந்து எழுதுகிறேன். போன மாதம் எங்கள் ஆச்சியின் டிரங்குப் பெட்டியை ஒழித்தபோது அடியில் ஒரு கணக்கு நோட்டு கிடைத்தது. பால் கணக்கு, சீட்டுப் பணம், சலவைக் கணக்கு, சொதிக்குப் பக்குவம், நாலைந்து தாலாட்டு. நடுநடுவே ஒற்றை வரிகள் இருக்கின்றன. ஓரிடத்தில் "இன்று யாரோடும் பேசவில்லை". இன்னோரிடத்தில் "தம்பி வந்தான். சாப்பிடாமல் போய்விட்டான்". இதையெல்லாம் வெளியே காட்டக் கூடாது என்கிறார் மாமா. கல்லூரியில் ஜேன் ஆஸ்டின் கடிதங்களும் வர்ஜீனியா உல்ஃப் நாட்குறிப்பும் படித்தேன். நம் பக்கத்துப் பெண்கள் அந்தக் காலத்தில் தங்களைப் பற்றி எழுதவே இல்லையா? இந்த நோட்டை நான் என்ன செய்ய?

(பெயர் வேண்டாம் என்று கேட்டிருக்கிறார்.)

பதில்:

அன்புள்ள தங்கைக்கு,

அந்த இரண்டு வரிகளையும் ஒரு தாளில் எழுதி மேசைமேல் வைத்திருக்கிறேன். மூன்று நாளாக அதையே பார்த்துக்கொண்டிருக்கிறேன்.

முதலில் என் வீட்டுக் கதையைச் சொல்லிவிடுகிறேன். சேரன்மகாதேவியில் எங்கள் பட்டாசாலைச் சுவரில் ஒரு கம்பி தொங்கும். வருகிற கார்டு, கடிதம் எல்லாவற்றையும் படித்து முடித்ததும் அதில் குத்திவிடுவார்கள். ஆச்சியின் தங்கை சங்கரன்கோவிலிலிருந்து எழுதியவைதான் அதில் பாதி இருக்கும். ஒரு கல்யாணத்துக்கு வெள்ளையடிக்க வந்தபோது கம்பியோடு எடுத்து வெந்நீர் அடுப்பில் போட்டார்கள். எனக்குப் பத்து வயது. ஒவ்வொன்றாக உருவி அடுப்பில் தள்ளிக் கொடுத்தது நான்தான். ஆச்சி பக்கத்தில்தான் நின்றாள், ஒன்றும் சொல்லவில்லை. அந்தக் கடிதங்களில் ஒரு வரிகூட இன்று எனக்கு ஞாபகமில்லை. அதனால்தான் உங்கள் கடிதம் வந்ததும் வேறு வேலை ஓடவில்லை.

எழுதவில்லையா என்று கேட்கிறீர்கள். எழுதினார்கள். வைத்துக்கொண்டவர்கள்தான் குறைவு. நீங்கள் படித்த ஜேன் ஆஸ்டின் கடிதங்களிலேயே பெரும்பகுதியை அவருடைய அக்கா கசாண்ட்ரா எரித்துவிட்டார். மிஞ்சியது சுமார் 160. வெந்நீர் அடுப்பு எல்லா ஊரிலும் இருந்திருக்கிறது.

நம் பக்கத்துக்கு வருவோம். கடையம் உங்கள் ஊரிலிருந்து எட்டிப்பிடிக்கிற தூரம். அங்கே பிறந்த செல்லம்மாளுக்கு ஏழு வயதில், 1897இல், பாரதியாரோடு கல்யாணம். 1901இல் பாரதியார் காசியில் இருக்கிறார். அவர் போக்கைப் பற்றி யாரோ எழுதியதைப் படித்துப் பயந்துபோய் செல்லம்மாள் அவருக்கு ஒரு கடிதம் போடுகிறார். பதினோரு வயது இருக்கும். பாரதியாரின் பதில் நமக்குக் கிடைத்திருக்கிறது. நீ பயப்படும்படி நான் ஒன்றும் செய்யவில்லை, இப்படிக் கவலை வருகிற நேரத்தில் தமிழை நன்றாகப் படித்து வந்தால் எனக்குச் சந்தோஷமாக இருக்கும் என்று எழுதுகிறார். அந்தப் பதிலை எத்தனையோ பேர் மேற்கோள் காட்டியிருக்கிறார்கள். எனக்கு ஏக்கமெல்லாம் அந்தப் பிள்ளையின் கடிதத்தின் மேல்தான். காசிக்குப் போன அந்தத் தாளில் என்ன இருந்தது? எழுத்து கோணலாக இருந்திருக்கும். "நீங்கள் சௌக்கியமா" என்று தொடங்கியிருக்கலாம். பயத்தை எந்தச் சொல்லில் சொன்னாள்? பதிலை வைத்துக்கொண்டு கேள்வியை ஊகிக்கிற நிலையில் நம்மை விட்டிருக்கிறார்கள்.

செல்லம்மாள் அதோடு நின்றுவிடவில்லை. 1921இல் பாரதியார் போன பிறகு, மறு வருஷமே 'பாரதி ஆச்ரமம்' என்று தொடங்கி அவர் பாட்டுகளைப் புத்தகமாக்கினார். அப்புறம் பல வருஷம் கழித்து 'பாரதியார் சரித்திரம்' வந்தது. அவர் சொல்லச் சொல்ல மகள் தங்கம்மாள் எழுதியது அது. 1951இல் திருச்சி வானொலியில் 'என் கணவர்' என்று பேசினார். தலைப்புகளைப் பாருங்கள். இரண்டும் கணவர் பேரில். ஆனால் உள்ளே போனால், வீட்டில் அரிசி இருந்ததா இல்லையா என்று தெரிந்த ஒருத்தியின் குரல் கேட்கிறது. பாரதியாரின் வாழ்க்கைக் குறிப்பாகவே அதை எல்லோரும் படிக்கிறார்கள். செல்லம்மாளின் சுயசரிதையாக ஒரு தடவை படியுங்கள். வேறு புத்தகம் கையில் இருப்பதுபோல இருக்கும். தமிழில் பழைய தலைமுறைப் பெண்களின் சொந்த எழுத்தைத் தேடுகிறவர்கள் இப்படித்தான் தேட வேண்டும் என்பது என் அனுபவம். யாரோ ஒரு பெரியவரைப் பற்றிய நினைவு என்று அட்டையில் போட்டிருக்கும், அவள் அதற்குள் உட்கார்ந்திருப்பாள். யதுகிரி அம்மாளின் 'பாரதி நினைவுகள்' புத்தகமும் அப்படித்தான். புதுச்சேரியில் பாரதியார் வீட்டோடு பழகி வளர்ந்த ஒரு சிறுமியின் கண் அதில் முழுசாக இருக்கிறது.

சொல்லி எழுதவைத்தது சேருமா என்று கேட்டால், சேரும். வை. மு. கோதைநாயகி தன் முதல் நாடகத்தைச் சொல்லச் சொல்ல ஒரு தோழிதான் எழுதினார். நூற்றுக்கு மேல் நாவல் எழுதியவர் அவர்.

பாளையங்கோட்டைக்குப் போனால் பாப்பாத்தி அம்மாள் கோயில் என்று ஒரு பழைய தேவாலயம் இருக்கிறது. தஞ்சாவூரிலிருந்து வந்த பிராமண விதவை கட்டியது, 1785இல். 1778இல் ஷ்வார்ட்ஸ் பாதிரியாரிடம் ஞானஸ்நானம் பெற்றுக் குளோரிந்தா ஆனவர். அவரைப் பற்றி ஷ்வார்ட்ஸின் குறிப்புகள் பேசுகின்றன. 1915இல் நம் பெருங்குளம் மாதவையா அவரை வைத்து ஆங்கிலத்தில் ஒரு நாவலே எழுதினார். அந்த அம்மாள் தன் கைப்பட எழுதிய வரி ஒன்றை நான் பார்த்ததில்லை. டோனாவூரிலும் இதே கதைதான். அங்கே 1901 முதல் 1951 வரை இருந்த அயர்லாந்து மிஷனரி ஏமி கார்மைக்கேல் முப்பத்தைந்து புத்தகம் எழுதினார், 1931இல் கீழே விழுந்த பிறகு படுக்கையிலிருந்தே பலவற்றை எழுதினார். தன்னோடு இருந்து உழைத்த பொன்னம்மாளைப் பற்றியும் ஒரு புத்தகம் எழுதியிருக்கிறார். பொன்னம்மாள் அதில் இங்கிலீஷில் இருக்கிறார். ஏமி அன்போடுதான் எழுதினார். ஆனாலும் பொன்னம்மாள் தன் தமிழில் என்ன சொன்னாரோ என்றுதான் எனக்குத் தவிக்கிறது.

சரி, இப்போது உங்கள் ஆச்சியைப் பாருங்கள். பாதிரியார் இல்லை, கணவர் பேரில் தலைப்பு இல்லை, சொல்லி எழுதவைக்கவும் இல்லை. அவர் கையெழுத்து, அவர் தமிழ், பால் கணக்குக்குப் பக்கத்தில். உங்கள் பெட்டியில் இருப்பது அது.

என்ன செய்ய என்று கேட்டீர்களே. நல்ல பகல் வெளிச்சத்தில் பக்கம் பக்கமாகப் போனில் படம் எடுங்கள், வெற்றுப் பக்கத்தையும் விடாமல். கிழிந்த இடத்தில் செல்லோடேப் ஒட்டாதீர்கள், லேமினேஷன் வேண்டவே வேண்டாம். வெள்ளை வேட்டித் துணியில் சுற்றி, பக்கத்தில் வசம்பு போட்டு ஈரம் படாத இடத்தில் வையுங்கள். இராமபாணப் பூச்சிக்கு நம் வீடுகளில் செய்ததுதான் இது. எழுத்துப்பிழை எதையும் திருத்தாதீர்கள். "வந்தாங்" என்று எழுதியிருந்தால் "வந்தாங்" என்றே இருக்கட்டும். வருஷம் போடாமல் இருந்தால் காசைப் பாருங்கள். அணாக் கணக்கு போய் நயா பைசா வருகிற பக்கம் 1957 ஏப்ரலுக்கு முந்தியதாக இருக்க முடியாது. தாலாட்டுகளைப் பாளையங்கோட்டை தூய சவேரியார் கல்லூரியில் நாட்டார் வழக்காற்றியல் துறையில் காட்டலாம்.

மாமா சொல்வதையும் தள்ளிவிடாதீர்கள். ஆச்சி இதை நமக்காக எழுதவில்லை. சாப்பிடாமல் போன அந்தத் தம்பியின் பிள்ளைகள் பக்கத்துத் தெருவில் இருக்கலாம். அந்த வரிகளை இப்போது யாருக்கும் காட்ட வேண்டியதில்லை. ஆனால் நோட்டு இருக்க வேண்டும், முழுதாக. நீங்கள் நகல் எடுக்கும்போது மாமாவைப் பக்கத்தில் உட்கார வைத்து, யார் யார் என்று கேட்டுத் தனித்தாளில் குறித்துக்கொள்ளுங்கள். அவருக்கு மட்டுமே தெரிந்தது நிறைய இருக்கும்.

இன்னொன்று. "இன்று யாரோடும் பேசவில்லை" என்று எழுதிய அன்றைக்குப் பால் எவ்வளவு வாங்கியிருக்கிறார் என்று பாருங்கள். வழக்கமான அளவா, குறைவா? வீட்டில் அன்று எத்தனை பேர் இருந்தார்கள் என்று அதில் தெரிந்துவிடும்.

ஆனித் தேரோட்டத்துக்கு நெல்லைக்கு வருகிறேன். நோட்டைப் பஸ்ஸில் தூக்கிக்கொண்டு வராதீர்கள். மறுநாள் காலையில் நானே அம்பாசமுத்திரம் வந்து பார்க்கிறேன், மாமா சம்மதித்தால்.

அன்புடன்,
அக்கா