ஆடினால் வன்முறை நின்றுவிடுமா?

நிற்காது. ஆனால் ‘அடிபட்ட ஜனங்களுக்கு நடனம் எதற்கு’ என்று கேட்டிருக்கிறீர்களே, அதற்கு நானறிந்த நல்ல பதில் சிலி நாட்டில் இருக்கிறது. குவேக்கா அங்கே ஆணும் பெண்ணும் கைக்குட்டை வீசிச் சேர்ந்து ஆடும் ஆட்டம். ராணுவ சர்வாதிகாரி பினோசேயின் ஆட்சியில் பிடித்துச் செல்லப்பட்டவர்கள் திரும்பவே இல்லை, 1978-இல் அவர்கள் வீட்டுப் பெண்கள் அதைத் தனியாக ஆடினார்கள், நெஞ்சில் அவரவர் ஆளின் படம், எதிரே அவர் நிற்க வேண்டிய இடம் காலி. அந்தக் காலி இடம்தான் ஆட்டமே. அடுத்த வருஷம் அதே அரசு குவேக்காவைத் தேசிய நடனமாக அறிவித்தது!

மேடை நடனம் என்றால் ஜெர்மானிய நடன அமைப்பாளர் கூர்ட் யோஸின் ‘பச்சை மேசை’, 1932. முகமூடி போட்ட கனவான்கள் மேசையைச் சுற்றிப் பேசுவார்கள், அப்புறம் போர், சாவு ஒவ்வொருவராக அழைத்துப் போகும், கடைசியில் திரும்ப அதே மேசை. மறுவருஷமே, குழுவிலிருந்த யூதர்களை விலக்க மறுத்து, அவர் ஜெர்மனியை விட்டு வெளியேறினார்.

நமக்கும் இது புதுசில்லை. காரைக்குடிப் பக்கம் எழவு வீட்டில் என் அப்பத்தா வட்டத்தில் நின்று மாரடித்துப் பார்த்திருக்கிறேன். குனிந்து நிமிரும்போது எல்லார் கையும் ஒரே நேரத்தில் நெஞ்சில் விழும், முற்றமே அதிரும்.