போனைப் பிடுங்கினால் தள்ளிவிடுகிறான், ‘சென்டரில்’ சேர்க்கலாமா?

கேள்வி: மகனுக்கு 14 வயது, ஒன்பதாம் வகுப்பு. நான்கு மாதமாக ராத்திரி இரண்டு மணி வரை பிஜிஎம்ஐ என்ற போன் துப்பாக்கி ஆட்டம் ஆடுகிறான். போனைப் பிடுங்கினால் கெட்ட வார்த்தை. போன வாரம் என்னைத் தள்ளிவிட்டான். ‘அடிக்‌ஷன் சென்டர்’ ஒன்றில் மூன்று மாதம் விட்டால் திருந்திவிடுவான் என்று தெரிந்தவர் ஒருவர் சொல்கிறார். விடலாமா? — ஒரு தாய், திண்டுக்கல்

மனநல மருத்துவர் பதில்: விடாதீர்கள் அம்மா. முதலில் அந்தத் தெரிந்தவருக்கு இதில் எவ்வளவு கமிஷன் என்று கேளுங்கள். குடிநோயாளிகளை அடைத்து வைக்கும் இடத்தில் ‘மொபைல் அடிக்‌ஷன்’ என்று கூடுதலாக ஒரு போர்டு மாட்டிவிடுகிறார்கள். வேன் வரும், பையனைத் தூக்கிப் போவார்கள், “மூணு மாசம் பார்க்க வராதீங்க” என்பார்கள். 2017 மனநலப் பராமரிப்புச் சட்டப்படி, 18 வயதுக்குக் குறைந்தவரை உள்நோயாளியாகச் சேர்த்தால் பெற்றோரோ அவர்கள் நியமித்தவரோ கடைசி நாள் வரை கூடவே தங்க வேண்டும். பெரியவர்களோடு படுக்க வைக்கவும் கூடாது. பார்க்க வராதே என்று சொல்லும் இடம் சட்டத்துக்கு வெளியே நடக்கிறது. இதையெல்லாம் போய்ச் சோதிக்க வேண்டியவர்கள் எங்கே இருக்கிறார்களோ! வார இறுதி ‘மைண்ட் பவர்’ வகுப்புக்கும் காசைக் கொட்ட வேண்டாம்.

உலக சுகாதார நிறுவனம் ஆட்டத்துக்கு அடிமையாவதை நோய்ப் பட்டியலில் சேர்த்திருப்பது உண்மைதான். ஆனால் அப்படிச் சொல்ல, பொதுவாக ஒரு வருடமாவது கட்டுப்பாடு இழந்திருக்க வேண்டும். அதற்குள் ‘அடிமை’ என்று பெயர் வைக்காதீர்கள்.

வீட்டில் செய்ய வேண்டியது இது. அந்த ஆட்டத்தில் ஒரு மேட்ச் அரை மணி நேரம்கூடப் போகும், நடுவில் நிறுத்தி வைக்க முடியாது. பாதியில் பிடுங்கினால், தன்னோடு ஆடுபவர்கள் முன்னால் அவன் மானம் போகிறது. சண்டை அங்கேதான் வெடிக்கிறது. எத்தனை மணிக்கு நிறுத்துவது என்பதைப் பகலிலேயே, கோபம் இல்லாத நேரத்தில் பேசி முடியுங்கள். “இந்த மேட்சோடு போதும்” என்று சொல்லிக் காத்திருங்கள். ராத்திரி பத்து மணிக்கு வைஃபை அணையட்டும். எல்லோர் போனும், உங்கள் கணவருடையதும் சேர்த்து, ஹாலில் சார்ஜ் ஏறட்டும். முதல் சில நாள் கத்தல் கூடும். அப்போது இரக்கப்பட்டுக் கொடுத்துவிட்டால், இன்னும் பெரிதாகக் கத்தினால் கிடைக்கும் என்று அவனுக்கு நீங்களே சொல்லிக் கொடுக்கிறீர்கள். 18 வயதுக்குட்பட்டவர்களுக்குத் தினம் 3 மணி நேரம்தான் என்று ஆட்டத்திலேயே வரம்பு இருக்கிறது. வயதைக் கூட்டிப் போட்டால் போயிற்று!

ஒரே ஒரு விலக்கு, இதைக் கவனமாகப் படியுங்கள். ஆட்டம் காரணமாக இல்லாமல் விளைவாகவும் இருக்கலாம். படிப்பில் பின்தங்குவது, ஓரிடத்தில் உட்கார முடியாதது, பள்ளியில் யாராவது சீண்டுவது, சோர்ந்து ஒதுங்குவது என்று ஏதாவது போன் வருவதற்கு முன்பே தொடங்கியிருந்தால், போனைப் பூட்டி எந்தப் பயனும் இல்லை. செத்துவிடுவேன் என்றாலோ, கத்தியை எடுத்தாலோ அன்றைக்கே மருத்துவமனை. மற்றபடி 14416, டெலி மானஸ் என்ற அரசு மனநல உதவி எண், தமிழிலேயே பேசலாம், இலவசம். அரசு மருத்துவக் கல்லூரி மருத்துவமனையிலும் மனநலப் பிரிவு உண்டு. அரை நாள் வரிசையில் நிற்க வைப்பார்கள், நில்லுங்கள். போகும்போது இந்த வருட ரேங்க் கார்டோடு ஆறாம் வகுப்பு ரேங்க் கார்டையும் எடுத்துப் போங்கள். சறுக்கல் எப்போது தொடங்கியது என்பதைத்தான் மருத்துவர் முதலில் தேடுவார்.