சாசெட்டியின் சுவர்

அன்புள்ள ஆசிரியருக்கு,

பதினைந்தாம் நூற்றாண்டில் இத்தாலியின் மெடிச்சி குடும்பம் நடத்திய வங்கியின் தலைமை மேலாளர் ஃப்ரான்செஸ்கோ சாசெட்டி, ஃப்ளாரன்ஸின் ஒரு தேவாலயத்துக்குள் அமைத்த சிற்றாலயத்தைப் பற்றியும், அதை ஆராய்ந்த கலை வரலாற்றாளர் ஆபி வார்பர்க் பற்றியும் எழுதியிருந்தீர்கள். எனக்கு ஒரு சங்கடம். வட்டியில் சேர்த்த பணத்தைக் கொடுத்து, தன் முகத்தையும் முதலாளியின் முகத்தையும் ஒரு புனிதரின் கதைக்குள் வரையச் சொல்கிறார் ஒருவர். இது விளம்பரம்தானே? ஓவியர் கூலிக்காரர்தானே? இதெல்லாம் தெரிந்த பிறகு அந்த ஓவியத்தை எப்படி ரசிப்பது?

ஒரு வாசகர், கோவை

அன்புள்ள நண்பருக்கு,

கூலி உண்மைதான். சாசெட்டிக்கு வரைந்த ஓவியர் கிர்லாண்டாயோ, 1485-இல் ஃப்ளாரன்ஸின் அனாதைக் குழந்தைகள் இல்லத்துக்காக எழுதிக்கொடுத்த ஒப்பந்தம் இன்றும் இருக்கிறது. மொத்தம் 115 ஃப்ளோரின் என்ற தங்க நாணயங்கள். தங்கமும் வண்ணமும் அவர் செலவு. நீலம் மட்டும் அவுன்ஸ் 4 ஃப்ளோரின் தரத்தில் இருந்தாக வேண்டும். தன் உழைப்புக்கு விலை பேசிய தேர்ந்த கைவினைஞரை இதில் காண்கிறேன். அதில் எனக்கு எந்த வருத்தமும் இல்லை.

விளம்பரம் என்ற சொல்லைத்தான் ஏற்க முடியவில்லை. அந்தச் சிற்றாலயம் இருக்கும் சாந்தா திரினிதா தேவாலயத்தின் சுவரில், புனித ஃப்ரான்சிஸின் சபை விதிகளைப் போப் அங்கீகரிக்கிறார். ரோமில் நடந்தது, பின்னணியிலோ ஃப்ளாரன்ஸின் நகரச் சதுக்கம். ஓரத்தில் முதலாளி லொரென்சோ மெடிச்சியும் அவர் அருகே சாசெட்டியும். இதுவரை நீங்கள் சொல்வது சரி. அதற்குக் கீழே, பீடத்துக்கு நேர்மேலே பாருங்கள். இறந்துபோன ஒரு சிறுவனைப் புனிதர் உயிர்ப்பிக்கிறார், அதே தேவாலயத்தின் எதிரே. சாசெட்டியின் மூத்த மகன் தியோதோரோ இறந்திருந்தான்; பின்னர் பிறந்த மகனுக்கு அதே பெயரை வைத்தார். பணம் கொடுத்தவர் அங்கே கேட்டது புகழை அல்ல.

வார்பர்க் இந்த மனிதரைப் புரிந்துகொண்டதில் எனக்கு வியப்பில்லை. அவரே ஹாம்பர்க் வங்கிக் குடும்பத்தின் மூத்த பிள்ளை. கேட்கும் புத்தகங்களை எல்லாம் வாங்கித் தர வேண்டும் என்ற நிபந்தனையோடு தொழிலைத் தம்பிக்கு விட்டுக்கொடுத்தவர். ஃப்ளாரன்ஸின் ஆவணங்களில் மூழ்கி, சுவரில் இருந்த முகங்களை 1902-இல் அடையாளம் காட்டினார். 1907-இல் சாசெட்டியின் கடிதம் ஒன்றை ஆராய்ந்தார். பிரான்சில் இருந்த வங்கியின் லியோன் கிளை மூழ்கிக்கொண்டிருந்தது. 1488-இல், அறுபதைக் கடந்திருந்த சாசெட்டி அதைக் காப்பாற்றக் கிளம்புமுன் மகன்களுக்கு எழுதியது அது. சொத்தைவிடக் கடன் அதிகமாக இருந்தாலும் என் வாரிசுரிமையை உதறிவிடாதீர்கள் என்கிறார். விதியின் தேவதைக்கு அஞ்சுகிறார், கடவுளையும் நம்புகிறார். அவர் கல்லறையில் கிரேக்கக் குதிரைமனிதர்கள், மேலே புனிதர்கள். வார்பர்க் இதை வேஷம் என்று ஒதுக்கவில்லை. இரண்டையும் ஒரே நெஞ்சில் தாங்கிய வணிகரின் மனநிலை என்று வாசித்தார். அந்த வாசிப்பை நான் முழுமையாக நம்புகிறேன்.

இன்னொன்று. இன்றைய பெல்ஜியத்தில் இருக்கும் ப்ரூஜ் நகரில் மெடிச்சி வங்கியின் கிளையை நடத்திய தொமாசோ போர்டினாரி, அந்தப் பகுதியின் ஃப்ளெமிஷ் ஓவியர் ஹ்யூகோ வான் டெர் கூஸிடம் ஒரு பெரிய பலிபீட ஓவியம் வரையச் சொன்னார். அது 1483-இல் ஃப்ளாரன்ஸுக்கு வந்து சேர்ந்தது. அதில் கரடுமுரடான முகத்தோடு இடையர்கள் குழந்தை இயேசுவை நோக்கிக் குனிகிறார்கள். 1485 என்று தேதியிட்ட, சாசெட்டி சிற்றாலயத்தின் பீட ஓவியத்தில், கிர்லாண்டாயோவின் இடையர்களுக்கும் அதே முகச்சாயல். ஒரு வங்கிக் கிளை இல்லாமல் அந்த முகங்கள் ஃப்ளாரன்ஸ் வரை வந்திருக்குமா என்று நீங்களே யோசித்துப் பாருங்கள்.