கட்சி உடைந்தால் சின்னம் யாருக்கு? – வாசகர் கேள்வி பதில்

கேள்வி: 1967-ல் தமிழக மக்கள் காங்கிரஸை ஒட்டுமொத்தமாகக் கைவிட்டுவிட்டார்கள் என்று மேடைதோறும் சொல்கிறார்களே, அது சரியா? – வாசகர், விருதுநகர்

பதில்: தோற்றது உண்மை. காமராஜரே உங்கள் ஊரில் தோற்றார். ஆனால் ‘ஒட்டுமொத்தமாகக் கைவிட்டார்கள்’ என்பதைக் கணக்கு ஒப்புக்கொள்ளாது. 1962-ல் காங்கிரஸ் வாங்கியது 46.14 சதவீதம். 1967-ல் 41.10. அந்தத் தேர்தலில் தி.மு.க. வாங்கியது 40.69. மாநில அளவில் ஓட்டு அதிகம் காங்கிரசுக்குத்தான். இடங்களோ தி.மு.க.வுக்கு 137, காங்கிரசுக்கு 51.

காங்கிரஸ் 232 தொகுதிகளில் நின்றது, தி.மு.க. 174-ல் மட்டுமே. மற்ற தொகுதிகளைச் சுதந்திரா, மார்க்சிஸ்ட், முஸ்லிம் லீக் போன்ற தோழமைக் கட்சிகளுக்கு விட்டுக்கொடுத்தார்கள். அதனால் தி.மு.க. நின்ற தொகுதிகளை மட்டும் எடுத்துப் பார்த்தால் பாதிக்கு மேல் ஓட்டு அதற்குத்தான். 1962-ல் பல பக்கம் சிதறிய எதிர்ப்பு ஓட்டு, இந்த முறை தொகுதிக்கு ஒரு வேட்பாளர் பின்னால் திரண்டது. ஐந்து சதவீதச் சரிவு ஆட்சியையே கவிழ்த்தது இப்படித்தான். அரிசிப் பஞ்சம், இந்தி எதிர்ப்புப் போராட்டம் எல்லாம் அந்த ஐந்து சதவீதத்துக்குள் அடக்கம்.

எங்கள் பார்வையில், மாநிலத்தில் காங்கிரஸ் உண்மையாகத் தேய்ந்தது 1971-ல். 1969-ல் கட்சி பிளந்தபோது இங்கே அமைப்பின் பெரும்பகுதி காமராஜரோடு ஸ்தாபன காங்கிரசில் நின்றது. இந்திரா காந்தியின் காங்கிரஸ் தி.மு.க.வோடு உடன்பாடு செய்துகொண்டு மக்களவைத் தொகுதிகளை வாங்கிக்கொண்டது, சட்டமன்றத்துக்கு ஒரு தொகுதியில்கூட நிற்கவில்லை. வேட்பாளரே இல்லாத ஊரில் பூத் வேலைக்கு யார் வருவார்? ஐந்து வருடம் கழித்துத் தேடினால் உறுப்பினர் பட்டியல் இருக்கும், ஆள் இருக்க மாட்டார். கூட்டணியில் இடம் வாங்கும் எந்தக் கட்சியும் இந்த ஒரு பாடத்தை மறக்கக் கூடாது.

கேள்வி: ஒரு கட்சி இரண்டாக உடைந்தால் சின்னம் யாருக்கு என்பதைத் தேர்தல் ஆணையம் எப்படி முடிவு செய்கிறது? – வாசகி, தேனி

பதில்: 1968-ம் ஆண்டின் சின்னங்கள் ஒதுக்கீட்டு ஆணையில் 15-வது பத்தி இதற்கானது. முதலில் ஓர் அணி ‘நாங்களே உண்மையான கட்சி’ என்று மனு கொடுக்க வேண்டும். இரு தரப்பும் எம்.எல்.ஏ., எம்.பி., பொதுக்குழு உறுப்பினர்களின் பிரமாணப் பத்திரங்களைக் குவிக்கும். ஆணையம் மூன்றைப் பார்க்கும்: கட்சியின் கொள்கையிலிருந்து யார் விலகினார்கள், கட்சி விதிப்படி நடந்தது யார், சட்டமன்ற, நாடாளுமன்ற உறுப்பினர்களிலும் அமைப்பிலும் பெரும்பான்மை யாரிடம். இந்திரா காங்கிரஸ் வழக்கில் உச்ச நீதிமன்றம் 1971-ல் இந்தப் பெரும்பான்மைக் கணக்கை ஏற்றது. அன்றிலிருந்து கடைசியில் தராசு சாய்வது பெரும்பாலும் தலை எண்ணிக்கையில்தான்.

தேர்தல் தலைக்கு மேல் வந்துவிட்டால் தீர்ப்புக்கு நேரம் இருக்காது. அப்போது சின்னத்தை முடக்கி, இரு அணிக்கும் வேறு பெயர், வேறு சின்னம் தருவார்கள். அதன் விலை என்ன என்பதை 1989-ல் அ.தி.மு.க. அறிந்தது. இரட்டை இலை முடங்கி, ஜெயலலிதா அணி சேவலிலும் ஜானகி அணி இரட்டைப் புறாவிலும் நின்றன. சேவலுக்கு 21.15 சதவீதமும் 27 இடமும். புறாவுக்கு 9.19 சதவீதமும் 2 இடமும். சேர்த்தால் 30-ஐத் தாண்டும். எதிரே தி.மு.க. 33.18 சதவீதத்தில் 150 இடங்களை அள்ளியது. தேர்தல் முடிந்த கையோடு இரண்டு அணியும் இணைந்தன, இலை திரும்பியது. அடுத்து வந்த மருங்காபுரி, மதுரை கிழக்கு இடைத்தேர்தல்களில் கட்சி வென்றது. சில வார இடைவெளிதான்.

2017-ல் ஆர்.கே. நகர் இடைத்தேர்தலுக்காக மார்ச் 22 அன்று இலை மறுபடியும் முடங்கியது. பன்னீர்செல்வம் அணிக்கு மின்கம்பம், சசிகலா அணிக்குத் தொப்பி. பிறகு பழனிசாமியும் பன்னீர்செல்வமும் ஒன்று சேர, நவம்பர் 23-ல் இலை அவர்கள் பக்கம் வந்தது.

பல கட்சிகள் கோட்டை விடுவது இரண்டாவது சோதனையில், அதாவது கட்சி விதிப்படி நடப்பதில். விதிகளைத் திருத்துவார்கள், ஆணையத்திடம் முறையாகச் சேர்க்க மாட்டார்கள். உட்கட்சித் தேர்தல் நடத்தாமல் நியமனத்திலேயே ஓட்டுவார்கள். 2023 பிப்ரவரியில் மகாராஷ்டிரத்தின் சிவசேனா பிளவு வழக்கில் நடந்தது அதுதான். 2018-ல் திருத்திய கட்சி விதிகள் ஜனநாயக முறைக்கு ஒத்துவரவில்லை என்று ஆணையம் ஒதுக்கியது. அதனால் அமைப்பில் யாருக்குப் பலம் என்ற கேள்விக்கே மதிப்பில்லாமல் போனது. மிஞ்சியது எம்.எல்.ஏ. கணக்கு: 55-ல் 40 பேர் ஷிண்டே பக்கம். கட்சியின் வில் அம்பு சின்னம் அவருக்குப் போனது. சாதாரண உறுப்பினருக்குக் கட்சிக்குள் ஓட்டுரிமை தருவது பெருந்தன்மை அல்ல, கட்சிக்கே பாதுகாப்பு என்பதை நம் ஊர்க் கட்சிகள் உணர வேண்டும்.

கேள்வி: 2021-ல் நாம் தமிழர் கட்சி 6 சதவீதத்துக்கு மேல் வாங்கியும் மாநிலக் கட்சி என்ற அங்கீகாரம் கிடைக்கவில்லையே, ஏன்? – வாசகர், தூத்துக்குடி

பதில்: அந்த 6 சதவீத விதியில் ‘கூடவே’ என்றொரு சொல் இருக்கிறது. சட்டமன்றத் தேர்தலில் 6 சதவீதம், கூடவே 2 எம்.எல்.ஏ. மக்களவைத் தேர்தலென்றால் 6 சதவீதம், கூடவே 1 எம்.பி. நாம் தமிழர் 6.58 சதவீதம் எடுத்தும் ஓர் இடம்கூட இல்லை. இடமே இல்லாமல் நுழைய ஒரே கதவு 8 சதவீதம். அந்த விதி 2011-ல்தான் வந்தது. 2024 மக்களவைத் தேர்தலில் அக்கட்சி 8-ஐத் தாண்டி, அந்த வழியில் அங்கீகாரம் பெற்றது.

விடுதலைச் சிறுத்தைகள் வந்தது வேறு வழி. மாநிலத்தின் மக்களவை இடங்களில் 25-க்கு ஒன்று, மீதிக்கும் ஒன்று என்று எம்.பி. இருந்தால் போதும். நமக்கு 39 இடம் என்பதால் 2 எம்.பி. வேண்டும். 2024-ல் சிதம்பரமும் விழுப்புரமும் சேர்ந்து அதைத் தந்தன.

வாங்கிய அங்கீகாரம் நிரந்தரம் அல்ல. 2006-ல் 8.38 சதவீதம், 2011-ல் 29 இடங்கள் என்று வளர்ந்த தே.மு.தி.க., 2016-ல் 2.39 சதவீதத்துக்கு இறங்கியது.

கேள்வி: கூட்டணியில் இருக்கும் சிறிய கட்சி பெரிய கட்சியின் சின்னத்தில் நிற்பது நல்லதா? – வாசகி, ஈரோடு

பதில்: வெற்றிக்கு வசதி, கட்சிக்கு இழப்பு. 2019-ல் விழுப்புரத்தில் தி.மு.க.வின் உதயசூரியனில் நின்ற விடுதலைச் சிறுத்தைகளின் ரவிக்குமார் 1,28,068 ஓட்டு வித்தியாசத்தில் வென்றார். சிதம்பரத்தில் தனிச் சின்னமான பானையில் நின்ற அக்கட்சித் தலைவர் திருமாவளவனுக்கு 3,219 வித்தியாசம்தான். தொகுதிகள் வேறு, எதிர்த்து நின்றவர்கள் வேறு, முழுக் காரணமும் சின்னம் இல்லை. ஆனாலும் சிறிய கட்சிகள் ஏன் தயங்குகின்றன என்பது இதில் புரியும்.

உதயசூரியனில் வென்றவர் சட்டத்தின் கண்ணில் தி.மு.க. உறுப்பினர். அவர் வாங்கிய ஓட்டு தி.மு.க. கணக்கில் சேரும், சபையில் அந்தக் கட்சிக் கொறடாவின் உத்தரவு அவரைக் கட்டும். 2021-ல் ம.தி.மு.க.வின் 4 பேரும் அப்படி வென்றவர்களே. மேலே சொன்ன 6 சதவீத, 2 எம்.எல்.ஏ. கணக்கில் இவர்கள் சொந்தக் கட்சிக்கு உதவவே மாட்டார்கள்.

கேள்வி: மூன்றில் ஒரு பங்கு எம்.எல்.ஏ.க்கள் பிரிந்தால் பதவி தப்புமா? – வாசகர், கரூர்

பதில்: தப்பாது. கட்சித் தாவல் தடைச் சட்டத்தில் இருந்த அந்தச் சலுகையை 2003-ல் அரசியல் சட்டத்தின் 91-வது திருத்தம் எடுத்துவிட்டது. இப்போது மிச்சம் இருப்பது இணைப்பு மட்டும்: மூன்றில் இரண்டு பங்கினர், வேறொரு கட்சியோடு. இந்த எண்ணிக்கை பதவியைத்தான் காக்கும், சின்னத்தைத் தராது. அதற்கு 15-வது பத்தி என்ற தனி வாசல்.