டபுளா வாங்கித் தர்றேன்னு வர்ற ஆளுக்கு எதுக்கு பத்து பர்சென்ட்?

கும்பகோணம் பக்கத்துலேருந்து ஒருத்தர் கேட்டிருக்கார். தாத்தா பேர்ல பட்டா உள்ள மூணு மா (கிட்டத்தட்ட ஒரு ஏக்கர்) நஞ்சை, அதுல ஒரு மாவுக்குக் கிட்ட தேசிய நெடுஞ்சாலைக்குப் போகுதாம், நிலத்தை எடுக்கப் போறோம்னு நெடுஞ்சாலைச் சட்டத்துல முதல்ல வர்ற 3ஏ அறிவிப்பு பேப்பர்ல வந்துடுச்சாம். ஒரு ஆள் வந்து "பத்து பர்சென்ட் குடுங்க, டபுளா வாங்கித் தர்றேன்"ங்கிறாராம், அரசாங்கம் குடுக்கிற பணத்தை வாங்கிட்டா அப்புறம் கேஸே போட முடியாதுன்னும் பயமுறுத்துறாராம்.

மொதல்ல அந்த டபுள் கதைய முடிச்சுடுவோம். டபுள்ங்கிறது சட்டத்துலயே இருக்கு. 2013 நிலமெடுப்புச் சட்டத்தோட இழப்பீட்டுக் கணக்குதான் 2015லேருந்து தேசிய நெடுஞ்சாலைக்கும். வழிகாட்டி மதிப்பு, பக்கத்து நிலங்களோட மூணு வருஷப் பத்திர விலை, ரெண்டுல எது ஜாஸ்தியோ அதை எடுப்பாங்க, கிராமமா இருந்தா பெருக்கல் எண் ஒண்ணு உண்டு, வர்ற தொகைக்கு இன்னொரு மடங்கு ஆறுதல் தொகை. உதாரணத்துக்கு மதிப்பு 5 லட்சம், பெருக்கல் எண் 1.25னு வச்சுக்கங்க, 6.25 லட்சம், ஆறுதல் தொகை சேர்ந்தா 12.5 லட்சம். அது போக மதிப்புக்கு வருஷம் 12 பர்சென்ட், 3ஏ தேதிலேருந்து. தென்னை, போர்வெல், மோட்டார் கொட்டகைக்கு தனியா மதிப்பு போடணும், அதுக்கும் ஆறுதல் தொகை உண்டு, அதனால அளக்க வர்றதுக்குள்ள எல்லாத்தையும் போட்டோ எடுத்து வைங்க. எப்படியும் வரப்போற பணத்துலேருந்துதான் அந்த ஆள் பத்து பர்சென்ட் கேக்குறாரு.

பணத்தை வாங்கலாம், தாராளமா. வாங்கும்போது "ஆட்சேபணையுடன் பெற்றுக்கொள்கிறேன்"னு எழுதி கையெழுத்து போடுங்க. தொகை பத்தலைன்னா அதே நெடுஞ்சாலைச் சட்டத்தோட 3ஜி(5) பிரிவுல நடுவர்கிட்ட மனு. நடுவர்னா பெரும்பாலும் கலெக்டர்தான். எடுக்கிறதும் அரசாங்கம், விலை போடுறதும் அரசாங்கம், பத்தலைன்னு சொன்னா கேக்கிறதும் அதே காம்பவுண்டுக்குள்ள இன்னொரு ரூம், என்ன சொல்ல! ஆனா அந்தப் படியைத் தாண்டாம கோர்ட்டுக்குப் போக முடியாது, அதனால தள்ளிப் போடாதீங்க.

அவசரம் வேற ஒண்ணு. 3ஏ வந்து 21 நாளைக்குள்ள ஆட்சேபணை குடுக்கணும். அதுல போய் எல்லாரும் "விலை பத்தாது"ன்னு எழுதுறாங்க, அந்தக் கட்டத்துல விலையப் பத்தி யாரும் பேசவே மாட்டாங்க. நீங்க எழுத வேண்டியது வாய்க்காலப் பத்தி. ரோடு நடுவுல போனா தலைமடை அந்தப் பக்கம், மிச்ச ரெண்டு மா இந்தப் பக்கம்னு ஆயிடும், மதகு வைக்கலேன்னா தண்ணி பாயாது, வடிகால் அடைஞ்சா ஐப்பசி மழையில பயிர் மூழ்கிடும். எஃப்எம்பி ஸ்கெட்ச்ல (சர்வே நம்பருக்கான நில அளவை வரைபடம்) வாய்க்கால் எங்க வருது, எந்த இடத்துல மதகு வேணும்னு குறிச்சு குடுத்து, நகல்ல சீல் வாங்குங்க. நிலம் துண்டாகிறதுக்கும் மிச்ச நிலம் பாழாகிறதுக்கும் தனியா நஷ்டஈடு 3ஜி(7)லயே இருக்கு, ஆனா கேக்காதவங்களுக்கு யாரும் கணக்குல சேக்க மாட்டாங்க, அந்த மதகு மனுதான் பின்னாடி உங்களுக்கு ஆதாரம். டெல்டாவுக்குப் பாதுகாக்கப்பட்ட வேளாண் மண்டலச் சட்டம் வந்துடுச்சே, நிலத்தை எப்படி எடுப்பாங்கன்னு சிலர் கேப்பாங்க. 2020ல வந்த அந்தச் சட்டம் ரோட்டைத் தடுக்காது.

அடுத்து பட்டா. தாத்தா உயில் எழுதாம போயிருந்தா அத்தைமாருக்கும் பங்கு உண்டு. அவங்களை விட்டுட்டு வாரிசு சான்று வாங்கித் தர்றேன்னு இதே மாதிரி ஆளுங்க வருவாங்க, போயிடாதீங்க. ஒரு அத்தை ஆட்சேபணை குடுத்தா பங்குத் தகராறுன்னு சிவில் கோர்ட்டுக்கு அனுப்பிடுவாங்க, தீர்ப்பு வர்ற வரைக்கும் பணம் அங்கதான். பேசி, ஒரே மனுவா எல்லாரும் கையெழுத்து போட்டு குடுங்க. வாரிசு சான்றுக்கும் பட்டா மாறுதலுக்கும் இப்பவே மனு போடுங்க, விஏஓ, ஆர்ஐ, சர்வேயர்னு அலைய விடுவாங்க, நிலத்தை எடுக்கிறதுல இருக்கிற வேகம் ஒரு பட்டா மாத்துறதுல இருக்காது.

கடைசியா, அந்த ஆள்கிட்ட ஏற்கனவே ஏதாவது கையெழுத்து போட்டீங்களான்னு நீங்க சொல்லல. வெத்துப் பத்திரமோ தேதி போடாத செக்கோ குடுத்திருந்தா பதிவுத் தபால்ல திருப்பிக் கேளுங்க, பேங்குக்கு எழுதி செக்கை நிறுத்துங்க. பவர் எழுதிக் குடுத்திருந்தா ஒரு வக்கீலைப் பாத்து, பதிவான சார்பதிவாளர் ஆபீஸ்லயே ரத்துப் பத்திரம் பதிவு பண்ணி, நிலமெடுப்பு டிஆர்ஓ (மாவட்ட வருவாய் அலுவலர்) ஆபீஸுக்கு அதோட நகலைக் குடுத்துடுங்க.